கம்பம் பள்ளத்தாக்கில் இசைத்தட்டுச் சரித்திரம்

மேற்கே ஏலமலைத் தொடரும் கிழக்கே மேகமலையும் அரணாக நிற்க, 1895 ஆம் ஆண்டு முதல் பெரியாற்று நீர் இறங்கிப் பாய்ந்து இருபோகம் விளைந்த கம்பம் பள்ளத்தாக்கில், கூடலூர் தொடங்கி வீரபாண்டி வரையுள்ள ஊர்களில், கல்யாணமோ சடங்கோ காதுகுத்தோ கோயிற்பொங்கலோ கட்சிக் கூட்டமோ ரேடியோ செட் கட்டாமல் நடந்தேறுவது அபூர்வம் என்று சொல்லத்தக்க ஒரு காலம் இருந்தது. விசேஷ வீட்டுக்கு முதல்நாள் மாலையே வந்து இறங்கும் அந்தச் சாமான்களில், தென்னையிலோ வேம்பிலோ ஏற்றிக் கட்டுகிற குழாய்கள் இரண்டும், ஆம்ப்ளிஃபயரும், தட்டுச் சுழற்றும் பெட்டியும் போக, கீல் வைத்துப் பூட்டுப் போட்ட மரப்பெட்டி ஒன்றும் இருக்கும். குழாயைத் தூக்கவும் ஒயரைப் பிடிக்கவும் ஊர்ப் பையன்களை அழைக்கிற செட்டுக்காரர், அந்தப் பெட்டியின் பக்கம் மட்டும் எவரையும் அண்டவிடமாட்டார். அதனுள்ளே காகித உறை போர்த்து, எண் இட்டு, செங்குத்தாக அடுக்கப்பட்டிருந்தவை அவருடைய மூலதனமாகிய ரிக்கார்டுகள்.

இசைத்தட்டின் சரித்திரத்தை எழுதப் புகுந்தவர்களுள் பலர் பாடிய வித்வான்களின் பக்கம் நின்றோ, வெளியிட்ட கம்பெனிகளின் பக்கம் நின்றோதான் அதனை எழுதியிருக்கிறார்கள். அது இயல்பே. ஆனால் பாடியவர் பாடி முடித்துச் சன்மானம் பெற்றுக்கொண்டு போய்விடுகிறார். கம்பெனியோ, விற்பனை ஓய்ந்த தட்டை மறந்து, அடுத்த வெளியீட்டுக்கு விளம்பரம் எழுதத் தொடங்கிவிடுகிறது. அதன்பின் ஐம்பது, அறுபது, தொண்ணூறு வருஷ காலம் அந்தத் தட்டை உடையாமலும் உருகாமலும் வைத்திருந்தவர் யார் என்ற கேள்விக்கு, இந்தப் பள்ளத்தாக்கைப் பொறுத்தமட்டில், வாடகைக்குச் செட் கட்டியவர், அவருக்குப் பின் வந்த கேசட் பதிவுக் கடைக்காரர், இவ்விருவருக்கும் புறத்தே வெறும் பித்தினால் சேகரித்த சிலர் என்பதுதான் விடை. இவர்கள் காத்தது குரலை மட்டுமல்ல. அந்தக் குரல் எங்கே, எதற்காக, எந்த வரிசையில் கேட்கப்பட்டது என்ற சாட்சியத்தையும் அறியாமலே காத்தார்கள். குரலைப் பிரதி எடுத்துக்கொண்டு இந்தச் சாட்சியத்தைக் கைவிடுகிற இன்றைய வழக்கத்தால், கிடைத்த பொருளில் பாதியை நாமே இழக்கிறோம் என்பது என் அபிப்பிராயம்.

கிராமபோன் கம்பெனியின் பிரதிநிதியாக பிரெட் கைஸ்பர்க் கல்கத்தாவில் வந்திறங்கிக் கௌஹர் ஜானின் குரலைப் பதிவு செய்தது 1902 ஆம் ஆண்டில். பாட்டு முடிந்ததும் தம் பெயரை அந்த அம்மையார் தாமே உரக்கச் சொல்வது அத்தட்டுகளின் பிரசித்தமான அம்சம். மெழுகில் எடுத்த பதிவு ஜெர்மனியிலுள்ள ஹானோவருக்குப் போய் அங்கே அச்சாக வேண்டியிருந்ததால், மொழி தெரியாத தொழிலாளர்கள் பாடியவரை அடையாளம் காண்பதற்காகச் செய்துகொண்ட ஏற்பாடு அது. 1908 ஆம் ஆண்டில் கல்கத்தாவிலேயே தொழிற்சாலை அமைந்த பிறகுதான் தட்டு இந்நாட்டுச் சரக்காயிற்று. தெற்கே கோயமுத்தூர்த் தாயி, சேலம் கோதாவரி, பெங்களூர் நாகரத்தினம்மாள் முதலியோர் ஆரம்ப காலத்திலேயே பாடிப் பதிவு செய்தார்கள். 1912 ஆம் ஆண்டில் இந்தியாவுக்கு வந்து சென்ற மொரீஸ் தெலாஜ் என்ற பிரெஞ்சு சங்கீதக்காரர், கோயமுத்தூர்த் தாயியின் தட்டு ஒன்றை ஆதாரமாகக் கொண்டு 'ராகமாலிகா' என்று ஓர் உருப்படியையே இயற்றினார். பாரிஸ் நகரத்துச் சங்கீத சபையில் ஒலித்த அந்த இசையின் மூலம் இன்ன அம்மையாருடையது என்று பிற்காலத்து ஆராய்ச்சியாளர் நிறுவ முடிந்ததற்குக் காரணம், மூலத் தட்டும் அதன் பெயர்ச்சீட்டும் எங்கோ சிலர் கையில் பிழைத்திருந்தமைதான்.

கம்பம் பள்ளத்தாக்குக்குத் தட்டு வந்த மார்க்கம் கச்சேரி மேடையைவிட நாடகக் கொட்டகையையே சார்ந்தது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918 ஆம் ஆண்டில் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பாலசபையை நிறுவி நாடகத்துக்குப் புத்துயிர் அளித்த காலந்தொட்டு, 'வள்ளி திருமணம்', 'பவளக்கொடி' முதலிய நாடகங்களின் பாட்டுகள் தென் ஜில்லாக்களின் கிராமங்களில் படிப்பற்ற ஜனங்களுக்கும் மனப்பாடமாயிருந்தன. அந்தப் பாட்டுகளையே கம்பெனிகள் தேடிப் பதிவு செய்தன. எஸ். ஜி. கிட்டப்பா, கே. பி. சுந்தராம்பாள் ஆகியோரின் தட்டுகள் அடைந்த கீர்த்தியைச் சொல்லவேண்டியதில்லை. முப்பதுகளில் ஹிஸ் மாஸ்டர்ஸ் வாய்ஸ், ட்வின், கொலம்பியா, ஓடியன், பிராட்காஸ்ட், ஹட்சின்ஸ் என்று போட்டியிட்ட கம்பெனிகள், தனிப்பாட்டுகளோடு நில்லாமல், முழு நாடகங்களையே பல தட்டுகள் கொண்ட தொகுதிகளாக்கி விற்றன. ஏ. வி. மெய்யப்பன் சினிமாவுக்கு வருமுன் காரைக்குடியில் தட்டு வியாபாரம் செய்தவர் என்பதும், சென்னையில் அவர் பங்காளிகளோடு நடத்திய சரஸ்வதி ஸ்டோர்ஸ் ஓடியன் தட்டுகளுக்குப் பேர்போனதாக இருந்தது என்பதும் இந்த வியாபாரத்தின் செழிப்பைக் காட்டும். மதுரையிலிருந்து போடிநாயக்கனூருக்கு 1928 ஆம் ஆண்டில் ரயில் வந்தது. ஏலக்காய் ஏற்றிச் சென்ற அந்தப் பாதையே மதுரைக் கடைத்தெருவின் புதுச் சரக்குகளைப் பெரியகுளம், போடி வட்டாரங்களுக்குக் கொண்டுவந்து சேர்த்தது.

இந்தக் காலத்துக்குக் காகித ஆதாரம் ஒன்று தெற்கே நமக்கு வாய்த்திருப்பது பெரும் பாக்கியம். மதுரகவி பாஸ்கரதாஸ் (1892–1952), முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) உட்படப் பலவற்றுக்குப் பாட்டு இயற்றியவர். நாடகத்துக்கும் கிராமபோனுக்கும் தேசியப் பிரசாரத்துக்கும் ஒரே சமயத்தில் பாட்டு எழுதித் தந்த அவர், தம் அலுவல்களை நாட்குறிப்பாக எழுதி வந்தார். அந்தக் குறிப்புகள் அவர் பேரர் முருகபூபதியின் முயற்சியால் புத்தகமாக வெளிவந்துள்ளன. 'காளிதாஸ்' படத்தின் சுருள் அழிந்துபோயிற்று. பாட்டு எழுதியவரின் சிறு குறிப்பேடு நிலைத்திருக்கிறது. தியடோர் பாஸ்கரன் நாடகம், தட்டு, சினிமா ஆகியவை தேசிய இயக்கத்துக்குத் தூதாக நின்ற வரலாற்றை எழுதியபோதும், ஸ்டீபன் ஹியூஸ் என்ற மானிடவியலார் தென்னாட்டு கிராமபோன் வியாபாரத்தை ஆராய்ந்தபோதும், தட்டுகளை மட்டும் நம்பியிராமல் விளம்பரம், பாட்டுப் புத்தகம், நாடக நோட்டீஸ் ஆகிய காகிதங்களை நாடிச் சென்றார்கள் என்பது இங்கே கவனிக்கத்தக்கது.

தட்டு என்ற பொருளைச் சற்று அருகில் வைத்துப் பார்ப்போம். பத்து அங்குல விட்டமும் கறுத்த மினுமினுப்பும் உள்ள அது அரக்கினால் ஆனது. காட்டு மரங்களில் அரக்குப்பூச்சி கசிந்து விட்ட பிசினைச் சுத்திசெய்து, கல்தூளும் கரியும் பஞ்சிழையும் கலந்து சூடாக அழுத்தினால் தட்டு. ஒரு பக்கத்துக்கு மூன்று நிமிஷமும் சொச்சமும் ஓடும். ஆகையால் விருத்தம் ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம் என்று நாடக வித்வான்கள் தம் கலையை அரிந்து வைக்கவேண்டியதாயிற்று. நடுவிலுள்ள வட்டச் சீட்டில் பாடியவர் பெயர், ராகம், தாளம், வெளியீட்டு எண்; சீட்டுக்கும் கடைசிக் கோட்டுக்கும் இடைப்பட்ட வெற்றிடத்தில், வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்தால் மட்டும் தெரிகிற, கையால் கீறிய வேறோர் எண். இந்த இரண்டாவது எண்தான் தட்டின் ஜாதகம். எந்த மெழுகு அச்சிலிருந்து எடுக்கப்பட்டது, ஏறக்குறைய எந்தக் காலத்துப் பதிவு என்பதை அதைக்கொண்டே கணிக்கிறார்கள். மைக்கேல் கின்னியர் என்ற ஆஸ்திரேலிய அறிஞர் இத்தகைய எண்களைக் கோத்தே, 1899 முதல் 1908 வரை கிராமபோன் கம்பெனி எடுத்த இந்தியப் பதிவுகளின் அட்டவணையை 1994 ஆம் ஆண்டில் பெரும் நூலாக்கினார். ஒலியை மட்டும் கணிப்பொறியில் ஏற்றிக்கொண்டு தட்டை எடைக்குப் போட்டவர் வீட்டில் இந்த எண் இராது. எண் இல்லாத குரலுக்குக் காலமும் இல்லை.

காலம் மட்டுமன்று, சுருதியும் கெடும். மின்சாரப் பதிவு வருவதற்கு முன்னிருந்த தட்டுகள் யாவும் நிமிஷத்துக்குச் சரியாக 78 சுற்று என்ற கணக்கில் எடுக்கப்பட்டவை அல்ல. சில குறைவாகவும் சில கூடுதலாகவும் சுழன்றவை. 78 சுற்றில் ஓடவேண்டிய தட்டை 74 சுற்றில் ஓட்டினால் ஏறத்தாழ அரைக் கட்டை சுருதி இறங்கிவிடும். விரைவாக ஓட்டினால் ஏறிவிடும். அக்காலத்து நடிகர்கள் எட்டாத கட்டையில் பாடினார்கள் என்று வியக்கிறவர்களும், அதை நம்பாமல் நகைக்கிறவர்களும், தாம் கேட்ட பிரதி எந்த வேகத்தில் ஓடியது என்று முதலில் விசாரிக்கக் கடமைப்பட்டவர்கள். ஊசியும் அப்படியே. அரக்குத் தட்டின் கோடு அகலமானது. பிற்கால லாங் பிளே தட்டுக்குரிய நுண்ணிய ஊசியை அதில் வைத்தால், ஊசி கோட்டின் அடிவாரத்தில் கிடந்து புழுதியைத்தான் பாடும். அதைக் கேட்டுவிட்டுப் பழைய தட்டு என்றாலே இரைச்சல் என்று தீர்ப்புக் கூறுவது அநியாயம்.

சுதந்திரத்துக்குப் பிந்திய முப்பது வருஷமே ரேடியோ செட்டின் பொற்காலம் எனலாம். மேல்நாடுகள் அரக்குத் தட்டைக் கைவிட்ட பிறகும், கல்கத்தா டம்டம் தொழிற்சாலை அறுபதுகளின் பிற்பகுதி வரையில் அதை அச்சிட்டு வந்தது. பீட்டில்ஸ் கோஷ்டியின் பாட்டுகள்கூட இந்தியாவில் அரக்குத் தட்டில் வந்தன என்று கேட்டால் இங்கிலாந்துக்காரரே திகைப்பார். மின்சாரம் சேராத கிராமத்துக்கும் சாவி கொடுக்கிற பெட்டியோடு தட்டு போகமுடியும் என்ற அனுகூலம் அதற்குக் காரணம். செட்டுக்காரரின் தட்டு வரிசை, பூஜைக்கு ஒப்பான கிரமம் உடையது. அதிகாலையில் சீர்காழி கோவிந்தராஜனின் விநாயகர் பாட்டு. அதன்பின் முருகன், அம்மன். பெண் அழைப்பின்போது 'சாரதா' (1962) படத்தில் மணமகளை வரவேற்கிற பாட்டு. பந்தி நடக்கையில் ஜோடிப் பாட்டுகள். இரவில் 'வீரபாண்டிய கட்டபொம்மன்', 'திருவிளையாடல்' படங்களின் கதைவசனத் தட்டுகள். உத்தமபாளையத்திலும் கம்பத்திலும் ராவுத்தர் வீட்டுக் கல்யாணமென்றால் நாகூர் ஹனீபாவின் தட்டுகளை எடுத்து மேலே வைத்துக்கொள்வார். அதே ஹனீபாவின் வேறு பாட்டுகள் மறுவாரம் திராவிட முன்னேற்றக் கழகக் கூட்டத்துக்குப் போகும். வீரபாண்டி கௌமாரியம்மன் கோயில் சித்திரைத் திருவிழா நாட்களில் ஒரே சமயத்தில் பல செட்டுகள் முழங்க, யாருடைய பெட்டியில் புதுத் தட்டு இருக்கிறது என்பதில் மான அவமானமே அடங்கியிருந்தது.

இந்தக் கிரமம் எங்கே எழுதப்பட்டிருக்கிறது? செட்டுக்காரரின் கையேட்டில். தட்டின் சீட்டு மீது நகப்பூச்சினாலோ வெள்ளை வர்ணத்தாலோ ஓர் எண். அந்த எண்ணுக்கு நேரே நீளவாட்டு நோட்டில் படத்தின் பெயரும் பாட்டின் முதலும். சில பெயர்களுக்கு எதிரே 'க', 'கோ', 'து' என்று ஒற்றை எழுத்து. கல்யாணம், கோயில், துக்கம் என்பவற்றின் சுருக்கம் அவை. அந்த எழுத்தைப் புரிந்துகொண்டவனுக்கு இந்தப் பள்ளத்தாக்கின் ரசனைச் சரித்திரம் அட்டவணையாகவே கிடைத்துவிடுகிறது. எந்தத் தட்டின் கோடு வெளுத்துத் தேய்ந்திருக்கிறது, எது கன்னி மெருகு குலையாமல் இருக்கிறது என்பதைப் பார்த்தாலே, எது ஊரார் கேட்டது, எது செட்டுக்காரர் தம் சொந்த ஆசைக்கு வாங்கிவைத்தது என்று பிரித்துவிடலாம். அபூர்வப் பொருள் தேடுகிற சேகரிப்பாளர் மெருகு குலையாத தட்டைத்தான் நாடுவார். சரித்திரக்காரனுக்குத் தேய்ந்த தட்டே பெரிய சாட்சி.

இலங்கை வானொலியின் பங்கையும் இங்கே குறிப்பிடாமல் விட்டால் குறை. சென்னையில் வானொலி நிலையம் 1938 ஆம் ஆண்டிலேயே ஏற்பட்டுவிட்டாலும், தென் ஜில்லாக்களில் சினிமாப் பாட்டைத் தேடியவர்கள் முள்ளைத் திருப்பியது கொழும்பை நோக்கித்தான். அந்த நிலையத்தின் தட்டு நூலகம், இந்தியாவிலேயே கிடைக்காத பழைய தட்டுகளுக்கு இன்றும் புகழ்பெற்றது. எங்கள் பாட்டை நாங்கள் தொலைத்தபோது அயல்நாட்டு அரசாங்கத்தின் நூலகம் ஒன்று அதை அலமாரியில் வைத்திருந்தது என்பது பெருமைப்படத்தக்க செய்தி அன்று.

இதுவரை சொன்னதில் பள்ளத்தாக்கு கேட்கும் இடத்தில் இருந்தது. அது பாடிய பாட்டு வேறு. தேவாரம், கோம்பைக்கு அருகிலுள்ள பண்ணைப்புரத்தில் பாவலர் வரதராசன் தம் தம்பியரைச் சேர்த்துக்கொண்டு கம்யூனிஸ்ட் கட்சி மேடைகளில் பாடிய பாட்டுகள், 1958 ஆம் ஆண்டு தேவிகுளம் இடைத்தேர்தலில் தேயிலைத் தோட்டத் தமிழ்த் தொழிலாளர்களிடையே பெற்ற செல்வாக்கு அரசியல் சரித்திரத்திலேயே இடம்பெற்றது. அக்காலத்துச் சினிமா மெட்டுகளையும் நாட்டு மெட்டுகளையும் எடுத்துக்கொண்டு கட்சிச் சாகித்யம் புனைந்து பாடுவது அந்த மேடைகளின் முறை. மூல மெட்டு ஜனங்களுக்கு ரேடியோ செட்டின் வாயிலாக முன்பே பழக்கமாயிருந்ததனாலேதான், புதுச் சொல்லைக் கேட்டதும் அவர்கள் சிரித்தார்கள், கைதட்டினார்கள். சாகித்யத்தை மட்டும் அச்சில் படிக்கிற இன்றைய வாசகனுக்கு அந்தச் சிரிப்பு விளங்காது. அதற்கு மூல மெட்டின் தட்டும் வேண்டும், அந்தத் தட்டு இந்தப் பள்ளத்தாக்கில் ஒலித்தது என்ற ஆதாரமும் வேண்டும். செட்டுக்காரரின் நோட்டு அங்கே அரசியல் ஆவணமாகிவிடுகிறது.

அந்தத் தம்பியருள் ஒருவர் 1968 ஆம் ஆண்டில் சென்னைக்குப் போய், 1976 ஆம் ஆண்டில் 'அன்னக்கிளி' படத்தின் மூலம் இளையராஜாவாக வெளிப்பட்டார். மறுவருஷம் அல்லிநகரத்துப் பாரதிராஜாவின் 'பதினாறு வயதினிலே' வந்தது. அரக்குத் தட்டின் ஆயுள் அதற்குள் முடிந்துவிட்டது. ஆகவே பள்ளத்தாக்கின் நடவுப் பாட்டும் தாலாட்டும் தெம்மாங்கும் வினைல் தட்டிலும் கேசட்டிலுமே திரும்பி வந்து, எந்த மரத்தடியில் முளைத்தனவோ அந்த மரத்திலேயே கட்டிய குழாய் வழியே ஒலித்தன. தேனி குஞ்சரம்மாள் 'காதலன்' (1994) படத்தில் சுரேஷ் பீட்டர்ஸ், சாகுல் ஹமீது ஆகியோரோடு பாடியது நாடெங்கும் பரவிற்று. ஒப்பாரியும் கிராமியப் பாட்டும் பாடிப் பழகிய தொண்டை அது. சினிமா விரும்பிய சில நிமிஷங்களை எடுத்துக்கொண்டது. அவர் இழவு வீட்டிலும் வயல் வரப்பிலும் மணிக்கணக்கில் பாடக்கூடியவற்றை எடுக்கத் தட்டுக் கம்பெனிக்கு வியாபார முகாந்திரம் இல்லை. இத்தகைய குரல்களுக்கு எஞ்சியுள்ள நம்பிக்கை, எண்பதுகளில் வீட்டு டேப் ரிக்கார்டரில் உறவினர் எடுத்த கேசட்டுகளே.

எண்பதுகளில் ஒவ்வொரு கடைவீதியிலும் கேசட் பதிவுக் கடை தோன்றிற்று. வாடிக்கையாளர் தாளில் பாட்டுப் பட்டியல் எழுதிக்கொண்டுபோய், அறுபது நிமிஷக் கேசட்டோ தொண்ணூறோ வாங்கிக் கொடுத்துவிட்டு வந்தால், இரண்டொரு நாளில் கடைக்காரர் தம் தட்டுகளிலிருந்து அதை நிரப்பித் தருவார். மிச்சமான இரண்டு நிமிஷத்தில் தமக்குப் பிடித்த ஒரு பாட்டைக் கேளாமலே சேர்த்துவிடுகிற கடைக்காரர்களால் பல பழைய பாட்டுகள் புது ரசிகர்களைப் பெற்றன. 'விதி' (1984) படத்தின் வசனக் கேசட் ஊர் ஊராக முழங்கியதும் இக்காலத்திலேயே. சட்டத்தின் கண்ணில் இந்தக் கடைகள் செய்தது குற்றம் என்பதை மறுக்க இடமில்லை. உரிமையாளருக்கு ஒரு காசும் போகவில்லை. ஆயினும் பெருங் கம்பெனிகள் மறுபதிப்புச் செய்ய லாபமில்லையென்று விட்டுவிட்ட நூற்றுக்கணக்கான பாட்டுகள் இந்தக் குற்றத்தின் பயனாகத்தான் பிழைத்தன. ஒரு காரியத்தைத் திருட்டு என்று ஒப்புக்கொள்வதும், அதன் விளைவைச் சம்ரட்சணை என்று ஒப்புக்கொள்வதும் முரண்பட்டவை அல்ல.

சட்டம் என்ன சொல்கிறது? 1957 ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின்படி, ஒலிப்பதிவு வெளியான வருஷத்துக்கு அடுத்த வருஷத் தொடக்கத்திலிருந்து 60 வருஷம் உரிமை உண்டு. 1964 ஆம் ஆண்டு வரை வெளியான தட்டுகளின் பதிவு உரிமை 2025 பிறந்தபோது தீர்ந்தது. 'அன்னக்கிளி' தட்டுக்கு 2036 முடியுமட்டும் உண்டு. பாட்டின் சொல்லுக்கும் மெட்டுக்கும் உள்ள உரிமை வேறு: அது ஆசிரியர் காலமான பின் 60 வருஷம். 1952 ஆம் ஆண்டில் மறைந்த பாஸ்கரதாஸின் சாகித்யம் பொதுவுடைமையாகிவிட்டது. 1981 ஆம் ஆண்டில் மறைந்த கண்ணதாசனுடையது 2041 வரை ஆகாது. இந்தக் கணக்கின் சிக்கலுக்கு, எக்கோ ஒலிப்பதிவு நிறுவனத்துக்கும் இளையராஜாவுக்கும் இடையே சென்னை உயர் நீதிமன்றத்தில் நடந்த நெடிய வழக்கே உதாரணம். 2012 ஆம் ஆண்டுத் திருத்தம் நற்காரியம் ஒன்று செய்தது. லாப நோக்கமற்ற பொது நூலகம், தன்னிடம் அசல் பிரதி இருக்குமானால், பாதுகாப்பின் பொருட்டு அதை மின்னணு வடிவில் சேமித்துக்கொள்ளலாம் என்று அனுமதித்தது. நூலகத்துக்கு உள்ள இந்தச் சலுகை சின்னமனூர் செட்டுக்காரருக்கு இல்லை. அசல் தட்டோ அவரிடம் இருக்கிறது, நூலகத்தில் இல்லை.

நூலகத்தில் ஏன் இல்லை என்பதற்கும் சட்டமே காரணம். 1954 ஆம் ஆண்டு நூல் ஒப்படைப்புச் சட்டத்தால், அச்சாகும் ஒவ்வொரு புத்தகமும் கல்கத்தா தேசிய நூலகத்துக்கும் சென்னை கன்னிமாராவுக்கும் மற்ற இரு நூலகங்களுக்கும் போய்ச் சேரவேண்டும். இசைத்தட்டுக்கு அப்படிப்பட்ட கட்டாயம் எதுவும் விதிக்கப்படவில்லை. காலணாப் பாட்டுப் புத்தகத்துக்கு ராஜாங்க மரியாதை. அந்தப் பாட்டைப் பாடிய குரலுக்கு ஏதுமில்லை. பிரான்ஸ் தேசம் 1925 ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே ஒலிப்பதிவையும் ஒப்படைப்புக்குரிய பொருளாக ஏற்றுக்கொண்டது. கம்பெனிகளின் கிடங்கை நம்பலாமே என்பாருக்கு, 2008 ஆம் ஆண்டில் அமெரிக்க யூனிவர்சல் ஸ்டுடியோ தீ விபத்தில் மூலப் பதிவுகள் பெருவாரியாக எரிந்துபோன செய்தியே போதுமான பதில்.

ஆகவே பாரம் தனிமனிதர் தலையில் விழுந்தது. சென்னையில் வி. ஏ. கே. ரங்காராவ் பல்லாயிரக்கணக்கான அரக்குத் தட்டுகளைத் தம் வீட்டில் சேர்த்ததோடு, ஒவ்வொன்றின் பின்னணியையும் எழுதியும் பேசியும் வந்தவர். 1990 ஆம் ஆண்டில் பம்பாயில் இந்திய இசைத்தட்டுச் சேகரிப்பாளர் சங்கம் தோன்றிற்று. சுரேஷ் சந்த்வாங்கர் அதன் உயிர்நாடியாக நின்று பத்திரிகையும் நடத்தினார். அந்த முயற்சியின் தொடர்ச்சியாக, பிரிட்டிஷ் நூலகத்தின் அழிநிலை ஆவணத் திட்டத்தின் உதவியோடு ஓடியன் தட்டுகள் கணிப்பொறிப் பிரதியாக்கப்பட்டன. 1932 முதல் 1938 வரை வெளிவந்த தென்னாட்டுப் பதிவுகளும் அவற்றுள் உண்டு. ஒலியோடு சீட்டின் புகைப்படத்தையும் சேர்த்துவைத்ததே அந்தத் திட்டத்தின் மேன்மை. கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியாரின் சேகரம் 1994 ஆம் ஆண்டில் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக மலர்ந்தபோது, நாடக நோட்டீஸும் பாட்டுப் புத்தகமும் அவற்றுக்குரிய இடத்தைப் பெற்றன. இவை யாவும் தலைநகரங்களில் நடந்தவை. சேகரிப்பாளர் ஒருவர் கம்பத்துக்கு வந்து, செட்டுக்காரரின் பெட்டியிலிருந்து தமக்கு வேண்டிய பத்துத் தட்டுகளைப் பொறுக்கி எடுத்துக்கொண்டு நல்ல விலையும் கொடுத்துப் போகும்போது, தட்டுகள் பிழைக்கின்றன, பெட்டி சாகிறது. எஞ்சியவை எடைக்கு, நோட்டு அடுப்புக்கு என்றாகிவிடுகிறது. சேகரிப்பாளரைக் குற்றம் சொல்வதற்கில்லை. பெட்டியைப் பெட்டியாகவே ஏற்றுக்கொள்ள ஓர் இடம் அருகில் இல்லை என்பதே குறை.

தேனியில் மாவட்ட மைய நூலகம் இருக்கிறது. 2012 ஆம் ஆண்டுத் திருத்தம் அதற்கு அதிகாரம் தருகிறது. ஒரு குளிர்ந்த அறை, வேகத்தை மாற்றக்கூடிய தட்டுச் சுழற்றி ஒன்று, இரண்டு அளவில் ஊசிகள், நல்ல கேசட் இயந்திரம் ஒன்று, பொறுமையுள்ள ஊழியர் ஒருவர். இதற்கு மேல் செலவு அதிகமில்லை. அரக்குத் தட்டைச் சாராயம் கலந்த திரவத்தால் துடைத்தால் அரக்கே கரைந்துவிடும் என்று அந்த ஊழியருக்கு முதல் நாளே சொல்லிவிட வேண்டும். காய்ச்சி வடித்த நீரும் மெல்லிய சோப்பும் போதும். இரைச்சலை நீக்குகிறேன் என்று ஒலியைத் திருத்தாமல், வந்தது வந்தபடி, நொடிக்கு 96,000 மாதிரி என்ற தரத்தில், சுருக்காத கோப்பாக ஒன்றை வைத்துக்கொண்டு, அழகுபடுத்துவதைப் பிரதியில் செய்துகொள்ளலாம். ஒவ்வொன்றோடும் சீட்டின் இரு பக்கப் படமும், கீறல் எண்ணும், ஓட்டிய வேகமும், செட்டின் ஊரும், நோட்டில் அதற்குரிய பக்கமும் சேரவேண்டும்.

எதை முதலில் எடுப்பது என்பதில்தான் பலரும் தடுமாறுகிறார்கள். பழமைக்கு மரியாதை செய்ய வேண்டுமென்று 1930 ஆம் ஆண்டுத் தட்டைத் தேடிப் போகிறார்கள். செங்குத்தாக நிறுத்தி, விழாமல் பார்த்துக்கொண்டால் அரக்குத் தட்டு இன்னொரு நூற்றாண்டும் பொறுக்கும்; வினைல் தட்டும் வெயில் படாமல் இருந்தால் வளையாது. பொறுக்காதது கேசட். ஆனி, ஆடிச் சாரல் குமுளிக் கணவாய் வழியாக இறங்குகிற கூடலூரிலும் கம்பத்திலும் ஒவ்வொரு மழைக்காலமும் நாடாவில் பூஞ்சணம் ஏறுகிறது; அழுத்துகிற சிறு பஞ்சுத்தக்கை உதிர்ந்துவிடுகிறது; பக்கத்துச் சுற்றின் ஒலி இந்தச் சுற்றில் ஒட்டிக்கொள்கிறது; ஓட்டுகிற இயந்திரத்தைப் பழுதுபார்ப்பவர்களும் ஒவ்வொருவராகக் கடையைச் சாத்துகிறார்கள். கிட்டப்பாவின் தட்டுக்குப் பிரதிகள் பம்பாயிலும் சென்னையிலும் லண்டனிலும் உண்டு. 1985 ஆம் ஆண்டில் ஒரு துக்க வீட்டில் பாட்டி பாடிய ஒப்பாரிக்கு உலகத்தில் ஒரே ஒரு பிரதி. அதன் உறையில் ஊரும் தேதியும் பென்சிலால் எழுதியிருந்தால் உண்டு, இல்லாவிட்டால் கேசட்டின் சொந்தக்காரரை இப்போதே கேட்டு எழுதிக்கொள்ள வேண்டும். ஆகையால் கேசட் முதலில், வினைல் அடுத்து, அரக்கு கடைசியில்.